எதிர்ப்பும் ஒழுங்கும்: அமெரிக்கப் பரிசோதனைக் குறும்படங்கள் பற்றிய ஒரு மதிப்பீடு

கலைஞன் தான் வாழுங் காலத்தோடு முரண்படுதல் புதியதன்று. புரவலரின் ஆதரவை வேண்டாது வாழ்ந்த புலவரும், ஊரார் ஏற்ற நெறியை மறுத்துப் பாடியோரும் எல்லா மொழிகளிலும் உளர். ஆயினும், முரண்பாடு ஒன்றே கலையாகிவிடுமா என்பது தனித்து ஆராய்தற்குரிய வினாவாகும். வழக்கத்தை மீறியது என்ற காரணத்தால் ஒரு படைப்பைச் சிறந்ததெனக் கொள்ளுதலும், அதே காரணத்தால் அதனை இழிந்ததெனத் தள்ளுதலும் திறனாய்வு ஆகா. 1943ஆம் ஆண்டு தொடங்கி 1970ஆம் ஆண்டு வரையில் ஐக்கிய அமெரிக்காவில் தோன்றிய பரிசோதனைக் குறும்படங்கள் இவ்வினாவை ஆராய்வதற்குப் பொருத்தமான களமாக அமைகின்றன. அவை எதிர்ப்பண்பாடு எனப் பின்னர்ப் பெயர்பெற்ற சமூக இயக்கத்தோடு ஒட்டி வளர்ந்தவை. அவ்வியக்கத்தின் புகழையும் பழியையும் ஒருங்கே சுமந்தவை.

எதிர்ப்பண்பாடு என்னும் சொல்லின் வரலாற்றை முதலில் நோக்குதல் நன்று. ஒரு சமூகத்தில் ஆட்சி செலுத்தும் விழுமியங்களோடு நேரடியாக மோதும் விழுமியங்களைக் கொண்ட சிறு குழுவினரைக் குறிக்க, மில்ற்றன் யிங்கர் என்னும் சமூகவியலாளர் 1960இல் இதனையொத்த ஒரு சொல்லை வழங்கினார். 1969இல் தியோடர் ரோசாக் எழுதிய நூல் வெளிவந்த பின்னரே இச்சொல் மக்கள் வழக்கில் நிலைபெற்றது. சொல் பின்னர்த் தோன்றினும் பொருள் முன்னரே தோன்றிவிட்டது. போருக்குப் பிந்திய அமெரிக்காவின் செல்வப் பெருக்கையும், அதனோடு வந்த ஒருசீர்மையையும் வெறுத்த பீற் தலைமுறைக் கவிஞர்கள் ஐம்பதுகளிலும், வியட்நாம் போரை எதிர்த்த மாணவரும் ஹிப்பிகள் எனப்பட்ட இளைஞரும் அறுபதுகளிலும் இவ்வியக்கத்தின் இரு படிநிலைகளாக அமைந்தனர். இவர்கள் உயர்வாக மதித்தவற்றுள் தலையாயது தன்னியல்பு. திட்டமிடாது பேசுவதும், திருத்தாது எழுதுவதும், மனம்போல் வாழ்வதும் உண்மைக்கு அண்மையில் நிற்பன என்பது அவர்தம் நம்பிக்கை.

இந்நம்பிக்கையைத் திரைப்படத்துறையிற் செயற்படுத்துதல் எளிதன்று. கவிதைக்குத் தாளும் பேனாவும் போதும். திரைப்படத்துக்குக் கருவியும் பொருளும் காட்சிக்கூடமும் வேண்டும். ஹொலிவூட்டின் பெரு நிறுவனங்கள் இம்மூன்றையும் தம் கையில் வைத்திருந்தன. 1934 முதல் கண்டிப்பாகச் செயற்படுத்தப்பட்ட தயாரிப்பு ஒழுக்கவிதிகள் கதையின் பொருளையும் முடிவையும் வரையறுத்தன. அவ்விதிகள் 1968 வரையில் நீடித்தன. இந்நிலையில், 1923இல் கொடக் நிறுவனம் வீட்டுப் பாவனைக்காக அறிமுகஞ் செய்த 16 மில்லிமீற்றர் படச்சுருளே கலைஞருக்கு வழி திறந்தது. போர்க்காலத்தில் இராணுவத்தினர் இவ்வகைக் கமராக்களைப் பெருந்தொகையாகப் பயன்படுத்தினர். போர் முடிந்ததும் அவை குறைந்த விலையிற் சந்தைக்கு வந்தன. ஒருவர் தனித்து நின்று, தம் வீட்டிலேயே, தம் கைப்பணத்தைக் கொண்டு படம் ஆக்கலாம் என்ற நிலை இவ்வாறே உண்டாயிற்று. பரிசோதனைப் படங்கள் பெரும்பாலும் குறும்படங்களாக அமைந்தமைக்குப் பொருள் வறுமையும் ஒரு காரணம் என்பதை மறத்தலாகாது. ஆயினும், சிறந்த கலைஞர் அவ்வறுமையையே வடிவமாக மாற்றிக்கொண்டனர்.

இதற்கு முதற் சான்றாக விளங்குபவர் மாயா டெரன். உக்ரேனின் கீவ் நகரில் 1917இற் பிறந்து, சிறுவயதிலேயே அமெரிக்காவுக்குப் பெயர்ந்த இவர், 1943இல் தம் கணவர் அலெக்சாண்டர் ஹமிட் என்பவரோடு இணைந்து 'மெஷஸ் ஒவ் த ஆப்டர்நூன்' என்னும் படத்தை ஆக்கினார். பிற்பகலின் வலைகள் என அதன் பெயரைத் தமிழிற் கூறலாம். பதினான்கு நிமிடங்கள் அளவில் ஓடும் இப்படம் லொஸ் ஏஞ்சலிஸ் நகரில் அவர்கள் வாழ்ந்த வீட்டிலேயே எடுக்கப்பட்டது. செலவு ஏறக்குறைய 275 டொலர் எனக் கூறப்படுகின்றது. ஒரு பெண் வீட்டினுள் நுழைகின்றாள். நாற்காலியில் அமர்ந்து உறங்குகின்றாள். கனவிலே தன்னைப் போன்ற வேறு பெண்கள் அதே வீட்டினுள் மீண்டும் மீண்டும் நுழைவதைக் காண்கின்றாள். திறப்பு, கத்தி, மலர், முகத்துக்குப் பதிலாகக் கண்ணாடியைக் கொண்ட கரிய உருவம் ஆகியன திரும்பத் திரும்பத் தோன்றுகின்றன. ஒவ்வொரு முறையும் அவற்றின் பொருள் சிறிது மாறுகின்றது. அன்றாட வாழ்வின் எளிய பொருள்கள் அச்சந்தரும் குறியீடுகளாக வளர்வதைப் பார்ப்போன் உணர்கின்றான்.

இப்படத்தில் அப்பெண் நாற்காலியிலிருந்து எழுந்து, உறங்கும் தன்னைக் கொல்லக் கத்தியோடு செல்லும் காட்சி பெரிதும் பேசப்படுவது. அவளுடைய முதலடி கடற்கரை மணலிலும், அடுத்த அடிகள் புல்லிலும் நடைபாதையிலும், இறுதியடி அறையின் கம்பளத்திலும் பதிகின்றன. ஓர் அறையைக் கடக்கும் சில அடிகள் ஓர் உலகைக் கடக்கும் பயணமாகிவிடுகின்றன. இவ்விளைவு கமராவின் முன்னே தற்செயலாக நிகழ்ந்ததன்று. அடியெடுத்து வைக்கும் வேகம், உடலின் சாய்வு, வெட்டி இணைக்கும் இடம் ஆகிய யாவும் முன்னரே கணிக்கப்பட்டாலன்றி இத்தொடர்ச்சி கைகூடாது. 1945இல் டெரன் ஆக்கிய நடனப் படத்தில் ராலி பீற்றி என்னும் நடனக்கலைஞர் காட்டிலே தூக்கிய காலை வீட்டின் அறையிலே ஊன்றுகின்றார். அங்கே தொடங்கிய அசைவு அருங்காட்சியகத்தில் தொடர்கின்றது. இரண்டு மூன்று நிமிடங்களில் முடிந்துவிடும் இப்படத்தில் வீணான ஒரு கணமும் இல்லை. ஹொலிவூட்டை இத்துணை வன்மையாக எதிர்த்த கலைஞர் பிறர் அரியர். எனினும், அவ்வெதிர்ப்பு அவரைக் கட்டற்ற நிலைக்கு இட்டுச் செல்லவில்லை. பெரு நிறுவனம் விதித்த ஒழுங்கை நீக்கிய இடத்தில் அவர் அதனினும் கடியதோர் ஒழுங்கைத் தாமே நிறுவிக்கொண்டார்.

டெரனின் கொள்கை 1953 ஒக்ரோபரில் நியூயோர்க்கில் நடைபெற்ற ஒரு கருத்தரங்கில் வெளிப்பட்டது. கவிதையும் திரைப்படமும் என்னும் பொருள்பற்றி நிகழ்ந்த அவ்வரங்கில் நாடகாசிரியர் ஆர்தர் மில்லரும் கவிஞர் டிலன் தோமசும் திறனாய்வாளர் பார்க்கர் ரைலரும் கலந்துகொண்டனர். நாடகமும் நெடுங்கதையும் நிகழ்ச்சியிலிருந்து நிகழ்ச்சிக்குக் கிடையாகச் செல்வன என்றும், கவிதை ஒரே கணத்தின் உள்ளே நிலைக்குத்தாக இறங்கி அதன் ஆழத்தைக் காண்பது என்றும் டெரன் பாகுபாடு செய்தார். காப்பியத்துக்கும் தனிப்பாடலுக்கும் உள்ள வேறுபாட்டை அறிந்த தமிழ் மாணவர்க்கு இப்பாகுபாடு புதுமையாகத் தோன்றாது. ஆனால் அன்றைய அரங்கில் தோமஸ் இதனை நகைச்சுவைக்குரிய பொருளாக்கினார். மில்லரும் அதனை ஏற்றிலர். எழுத்துலகில் நிலைபெற்ற இருவர் திரைப்படத்தைக் கதைசொல்லும் கருவியென்ற அளவிலேயே நோக்கினர் என்பதும், அதன் கவிதையியலை வகுக்க முயன்ற ஒரு பெண்ணின் குரல் அவையோரின் சிரிப்பினிடையே ஒலித்தது என்பதும் கருத்திற் கொள்ளத்தக்கன. பிற்காலத்தில் இத்துறை பற்றி எழுதியோர் பலரும் அவரது பாகுபாட்டையே தம் ஆய்வுக்குத் தொடக்கமாகக் கொண்டனர்.

டெரன் காட்டிய நெறிக்கு மாறாக, தன்னியல்பையே கொள்கையாக அறிவித்துத் தோன்றியது 'புல் மை டெய்சி' என்னும் படம். 1959இல் புகைப்படக் கலைஞர் றொபேட் பிராங்கும் ஓவியர் அல்பிரட் லெஸ்லியும் இதனை இயக்கினர். ஜக் கெருவக் எழுதிய நாடகம் ஒன்றின் மூன்றாம் அங்கம் இதற்கு மூலமாகும். கவிஞர்களான அலன் கின்ஸ்பேர்க், கிரெகரி கோர்சோ, பீற்றர் ஓர்லோவ்ஸ்கி ஆகியோர் தாமாகவே தோன்றுகின்றனர். புகையிரதத் தொழிலாளி ஒருவனின் வீட்டுக்கு அவன் மனைவி ஒரு சமயத் தலைவரை விருந்துக்கு அழைக்கின்றாள். அழைக்கப்படாத கவிஞர்களும் வந்து நிறைகின்றனர். உலகப் பொருள்கள் யாவும் புனிதமானவையோ என்று அவரை வினாவித் திணறச் செய்கின்றனர். பாத்திரங்களின் உரையாடல் ஒலிப்பதிவு செய்யப்படவில்லை. அனைவர்க்குமாகக் கெருவக் ஒருவரே பின்னணியிற் பேசுகின்றார். தாளமும் தயக்கமும் நகையும் கலந்த அவரது குரலே இப்படத்தின் உயிர்.

நண்பர் சிலர் ஓர் அறையிற் கூடி விளையாடியதைக் கமரா எதேச்சையாகப் பதிவு செய்தது என்றே பலர் இப்படத்தைப் போற்றினர். ஆனால் 1968இல் லெஸ்லி 'வில்லேஜ் வொய்ஸ்' பத்திரிகையில் எழுதிய கட்டுரை அந்நம்பிக்கையைக் குலைத்தது. காட்சிகள் முன்கூட்டியே திட்டமிடப்பட்டு ஒத்திகை பார்க்கப்பட்டவை என்பதை அவர் எடுத்துரைத்தார். கெருவக்கின் பின்னணியுரையும் ஒரே மூச்சிற் பிறந்ததன்று. ஒன்றுக்கு மேற்பட்ட தடவை பதிவு செய்யப்பட்டுப் பின்னர் வெட்டி இணைக்கப்பட்டது. இவ்வுண்மை வெளிவந்ததனாற் படத்தின் மதிப்புக் குன்றியதென்று கருதுவோர் உளர். அவ்வாறு கருதுதல் பொருந்தாது. இயல்பாகத் தோன்றும்படி ஆக்குதலும் கலைத்திறனே. குன்றியது படத்தின் மதிப்பன்று. தன்னியல்பு தானாகவே கலையாகும் என்ற கொள்கையின் மதிப்பேயாகும்.

இப்படத்தின் உண்மையான குறை வேறிடத்தில் உள்ளது. இறுதியில் கணவன் நண்பரோடு மகிழ்ந்து வெளியேறுகின்றான். விருந்து குலைந்ததனால் மனம் நொந்த மனைவி வீட்டிலே விடப்படுகின்றாள். வழக்கமான வாழ்வின் தளைகளை அறுத்ததாகக் கூறிக்கொண்ட இயக்கம், சமைப்பதும் குழந்தையைப் பேணுவதும் விருந்தினரை உபசரிப்பதுமான சுமையை முன்னிருந்த தோள்களிலேயே வைத்துச் சென்றது. படம் இதனைக் காட்டுகின்றது. ஆனால் இதனைப் பற்றிச் சிந்திக்கவில்லை. பதினாறு ஆண்டுகளுக்கு முன்னர் டெரன் வீடு என்னும் அதே களத்தை, அதனுள் அடைபட்ட ஒருத்தியின் உள்ளத்தினின்று நோக்கிக் காட்டியமையை இதனோடு ஒப்பிடுதல் தகும். எதிர்ப்பின் முழக்கம் பின்னதில் உரத்து ஒலிக்கின்றது. எதிர்ப்பின் ஆழம் முன்னதிலேயே காணப்படுகின்றது.

தனித்தனியே இயங்கிய இக்கலைஞரை ஓர் இயக்கமாக இணைத்தவர் ஜோனஸ் மெக்காஸ். லித்துவேனியாவிற் பிறந்து, போரினால் அகதியாகி 1949இல் நியூயோர்க்கை அடைந்த இவர், தம் உடன்பிறந்தாரோடு 'பிலிம் கல்ச்சர்' என்னும் சஞ்சிகையைத் தொடங்கினார். 1955இல் அதிலே அமெரிக்கப் பரிசோதனைப் படங்களை முதிர்ச்சியற்றவை எனக் கடிந்து எழுதியவரும் இவரே. சில ஆண்டுகளுள் அவற்றின் தலையாய வழக்கறிஞராக மாறியவரும் இவரே. 1960 செப்டம்பரில் இவரும் வேறு பலரும் கூடிப் புதிய அமெரிக்கத் திரைப்படக் குழுவை அமைத்தனர். 1962இல் திரைப்படக் கலைஞர் கூட்டுறவு நிலையம் மெக்காஸ் வசித்த மாடியறையிலேயே தொடங்கிற்று. அதன் விதிகள் எளியவை: படத்தின் உரிமை அதனை ஆக்கியவருக்கே உரியது, வாடகை வருவாயிற் பெரும்பகுதி அவரையே சாரும், எந்தப் படமும் தகுதியின்மை என்ற காரணத்தால் மறுக்கப்படமாட்டாது. மேற்குக் கரையில் புரூஸ் பெய்லி 1961இல் தொடங்கிய கன்யன் சினிமா, 1966இல் தோன்றிய இலண்டன் கூட்டுறவு ஆகியனவும் இதனையொத்த நெறியிற் சென்றன. பொருளுலகை வெறுத்தோர் எனப் பழிக்கப்பட்டவர்கள், கணக்கும் பொறுப்பும் கொண்ட ஒரு நிறுவனத்தை நடத்திக் காட்டினர் என்பது எதிர்ப்பண்பாடு பற்றிய பொதுக் கருத்தைத் திருத்த உதவும் செய்தியாகும். அந்நிறுவனம் இன்றும் இயங்குகின்றது.

எதனையும் மறுப்பதில்லை என்ற விதியே இவ்வியக்கத்தினுள் எழுந்த பெருங் கருத்துவேறுபாட்டுக்குக் காரணமாயிற்று. மறுதரப்பில் நின்றவர் அமோஸ் வோகல். வியன்னாவிலிருந்து நாஜிகளுக்குத் தப்பி வந்த வோகல், டெரன் நியூயோர்க்கில் ஒரு சிறு நாடகக் கொட்டகையை வாடகைக்கு எடுத்துத் தம் படங்களைத் தாமே திரையிட்டமையைக் கண்டு ஊக்கம் பெற்று, 1947இல் 'சினிமா 16' என்னும் கழகத்தை நிறுவினார். உறுப்பினர்க்கு மட்டும் திரையிடும் கழகமாக இருந்தமையால் அரசின் முன்தணிக்கை அதனைக் கட்டுப்படுத்தவில்லை. 'புல் மை டெய்சி' 1959 நவம்பரில் முதன்முதலாகத் திரையிடப்பட்டதும் அங்கேயே. ஆனால் வோகல் தெரிவு செய்பவர். ஸ்டான் பிரக்கேஜ் 1958இல் ஆக்கிய படமொன்றை அவர் ஏற்க மறுத்தார். மெக்காஸ் கூட்டுறவை நாடியமைக்கு அம்மறுப்பும் ஒரு தூண்டுதலாயிற்று. வோகலின் கழகம் 1963இல் மூடப்பட்டது. நல்லனவற்றையும் அல்லனவற்றையும் வேறுபடுத்தாது பாராட்டுதல் இயக்கத்துக்கே தீங்காகும் என 1967இல் அவர் ஒரு கட்டுரையில் எச்சரித்தார்.

இருவர் கூற்றிலும் உண்மையுண்டு. வோகல் மறுத்த கலைஞரே பிற்காலத்தில் இவ்வியக்கத்தின் பெரும் படைப்பாளியாகப் போற்றப்பட்டார் என்பதனால், தெரிவு செய்பவரின் கண்ணும் தவறும் என்பது தெளிவாகின்றது. ஆயினும் எல்லாவற்றையும் ஏற்றுக்கொள்ளும் களஞ்சியத்தில் பார்ப்போன் எதனைத் தேடுவது என அறியாது மயங்குவான் என்பதும் மெய்யே. வழங்குவதில் மறுப்பின்மை நீதியாகலாம். மதிப்பிடுவதில் மறுப்பின்மை திறனாய்வாளன் தன் கடமையைக் கைவிடுதலாகும். இவ்வேறுபாட்டை அன்றைய எழுத்தாளர் பலர் காணத் தவறினர்.

அவர்கள் தவறியமைக்குக் காலச்சூழலும் காரணமாயிற்று. ஜக் ஸ்மித் 1963இல் ஆக்கிய 'பிளேமிங் கிரீச்சர்ஸ்' என்னும் படத்தை 1964 மார்ச்சில் நியூயோர்க் பொலிஸார் கைப்பற்றினர். மெக்காஸ் உள்ளிட்ட சிலர் ஆபாசப் படத்தைக் காட்டியதாகக் குற்றவாளிகளாகக் காணப்பட்டு, ஒத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனை பெற்றனர். காலங்கடந்த மலிவான படச்சுருளில் எடுக்கப்பட்டதனால் வெண்புகை படிந்தது போன்ற தோற்றத்தைக் கொண்ட இப்படத்தை, சூசன் சொன்ராக் என்னும் திறனாய்வாளர் கலை நோக்கில் ஆதரித்து எழுதினார். கெனத் அங்கர் 1963இல் ஆக்கிய 'ஸ்கோர்ப்பியோ ரைசிங்' என்னும் படமும் கலிபோர்னியாவில் வழக்குக்குள்ளானது. பொலிஸார் வாயிலில் நிற்கும்போது, படம் நன்றா தீதா என்று நுணுகி வினாவுவது துரோகம் போலத் தோன்றும். ஒரு படைப்பைக் காக்க வேண்டும் என்பதும், அது சிறந்தது என்பதும் ஒன்றல்ல. அடக்குமுறை இவ்விரண்டையும் ஒன்றாகக் காணும்படி செய்துவிடுகின்றது. இது அடக்குமுறையால் விளையும் தீமைகளுள் ஒன்று.

வழக்குகளின் ஆரவாரத்திலிருந்து விலகி நின்ற இரு படைப்புகளை நோக்கின், எதிர்ப்பு வடிவத்தினுள் புகுதல் என்பதன் பொருள் விளங்கும். ஒன்று பிரக்கேஜின் 'மொத்லைற்'. அந்துப்பூச்சியின் ஒளி எனப் பொருள்படுவது. 1963இல் ஆக்கப்பட்ட இப்படம் ஏறக்குறைய நான்கு நிமிடங்கள் ஓடுவது, ஒலி இல்லாதது. இதற்குக் கமராவே பயன்படவில்லை. விளக்கொளியில் வீழ்ந்திறந்த அந்துப்பூச்சிகளின் சிறகுகள், இலைத்துணுக்குகள், மலரிதழ்கள் ஆகியவற்றைச் சேர்த்து, 16 மில்லிமீற்றர் அகலமுள்ள ஒளியூடுருவும் ஒட்டுநாடாக்கள் இரண்டின் நடுவே பரப்பி ஒட்டி, அதனைப் படச்சுருளாக அச்சிட்டார். படச்சுருள் வாங்கவும் பணமின்றி அவர் வருந்திய காலம் அது. ஒளியால் மாண்ட உயிர்கள் திரையின் ஒளியிலே மீண்டும் சிறகசைக்கின்றன. நரம்போடிய சிறகும் நரம்போடிய இலையும் மாறிமாறி வரும் ஒழுங்கில், ஓர் இசைப் பாடலுக்குரிய ஏற்றமும் இறக்கமும் உள்ளன. ஹொலிவூட்டைப் பற்றி ஒரு சொல்லும் கூறாத இப்படம், திரைப்படத்துக்கு நடிகரும் கதையும் கமராவும் இன்றியமையாதவை என்ற எண்ணத்தையே தகர்த்துவிடுகின்றது.

மற்றையது புரூஸ் கொன்னர் 1958இல் ஆக்கிய 'ஏ மூவி'. 'ஒரு திரைப்படம்' என்பதே அதன் பெயர். பீற் கவிஞர்களின் சூழலில் சான் பிரான்சிஸ்கோவில் வாழ்ந்த சிற்பியாகிய கொன்னர், இப்படத்துக்காகத் தாம் ஒரு காட்சியையும் எடுக்கவில்லை. வீடுகளிற் பார்ப்பதற்கென விற்கப்பட்ட பழைய செய்திப்படங்கள், குதிரைவீரர் கதைகள் முதலியவற்றின் துண்டுகளைச் சேர்த்து, இத்தாலிய இசையாசிரியர் ரெஸ்பிகியின் இசைக்கு அவற்றை இணைத்தார். 'முற்றும்' என்னும் சொல் தொடக்கத்திலேயே தோன்றுகின்றது. விரையும் குதிரைகள் விரையும் கார்களாகின்றன. கார்கள் உருண்டு நொறுங்குகின்றன. நீர்மூழ்கிக் கப்பலின் அதிகாரி பார்வைக்குழாயினூடே நோக்க, அரைகுறை ஆடையணிந்த ஒரு பெண் தெரிகின்றாள். அவர் நீரடிக் குண்டைச் செலுத்த, அணுகுண்டின் புகைக்குடை எழுகின்றது. பார்வையாளர் சிரிக்கின்றனர், ஆனால் அச்சிரிப்பு நீடிப்பதில்லை. வேகம், காமம், போர் ஆகியன ஒரே வேட்கையின் வடிவங்கள் என்னும் கருத்து, உரையாசிரியர் எவரும் இன்றியே பன்னிரண்டு நிமிடங்களில் நிறுவப்படுகின்றது. கென்னடியின் கொலை பற்றி 1967இல் அவர் நிறைவு செய்த 'றிப்போட்' என்னும் படத்திலும் இதே திறன் காணப்படுகின்றது. நாட்டின் துயரம் விற்பனைப் பொருளானமையை, விளம்பரத் துண்டுகளைச் செய்தித் துண்டுகளோடு மோதவிட்டு அவர் உணர்த்துகின்றார்.

இப்படங்களுக்கு எதிராகக் கூறப்படும் தடைகளுள் முதன்மையானது விளங்காமை. பொதுமக்களுக்காகப் போராடுவதாகக் கூறிய கலைஞர் பொதுமக்கள் அணுகவியலாத படங்களை ஆக்கினர் என்பது அதன் சாரம். தொழிலாளரும் குடியானவரும் அப்படங்களைக் காணவில்லை. பெருநகரங்களின் கழகங்களிலும் பல்கலைக்கழகங்களிலுமே அவை காட்டப்பட்டன. இத்தடை புறக்கணிக்கத்தக்கதன்று. ஆயினும் விளங்காமை இருவகைப்படும். பழகாத வடிவத்தால் விளைவது ஒருவகை. சொல்லுதற்குப் பொருளின்மையால் விளைவது மற்றொருவகை. முன்னது மீண்டும் காணும்போது தெளியும். பின்னது எத்தனை முறை காணினும் தெளியாது. 'ஏ மூவி'யைக் காணும் எந்த மாணவனுக்கும் முன்பயிற்சி வேண்டுவதில்லை. அக்காலத்தில் அதே பெயரால் வழங்கிய பல படங்கள், ஆடும் கமராவும் மங்கிய ஒளியும் கொண்டு புரட்சியின் தோற்றத்தை மட்டும் பூண்டன. அவற்றின் ஆயுள் அத்தோற்றம் புதுமையாக இருந்த காலத்தோடு முடிந்தது.

அத்தோற்றத்தை வணிகவுலகு விரைவிற் கவர்ந்துகொண்டது. விரைந்த வெட்டு, ஆடும் கமரா, பழைய காட்சிகளைப் புதிய இசையோடு பிணைத்தல் ஆகிய உத்திகள் விளம்பரங்களிற் பரவின. 1961இல் ரே சார்ல்ஸின் பாடலுக்குக் கொன்னர் ஆக்கிய 'கொஸ்மிக் றே' என்னும் படமும், மக்கள் பாடல்களைத் தொடுத்து அமைத்த அங்கரின் படமும், 1981இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் எம்.ரி.வி. தோன்றிய பின்னர்ப் பெருகிய இசைக்காணொளிகளுக்கு முன்னோடிகளாகக் கருதப்படுகின்றன. எதிர்ப்பின் மொழி விற்பனையின் மொழியானமை கண்டு இவ்வியக்கம் தோற்றது என முடிவுகட்டுவோர் உளர். உத்தியைக் களவாடலாம், நோக்கைக் களவாடுதல் அரிது. விளம்பரத்தில் விரைந்த வெட்டு சிந்தனையைத் தடுக்கின்றது. கொன்னரின் படத்தில் அதே வெட்டு இரு காட்சிகளின் இடையே ஒரு வினாவை எழுப்புகின்றது.

இவ்வியக்கத்தின் பிற்கால வரலாறும் சிந்தனைக்குரியது. எதனையும் மறுக்காத கூட்டுறவை நிறுவிய மெக்காஸ், 1970இல் நியூயோர்க்கில் தொடங்கிய அந்தொலொஜி படக்களஞ்சியத்தின் முதல்வர்களுள் ஒருவராகவும் விளங்கினார். அங்கே ஐவர் கொண்ட குழு திரைப்படக் கலையின் இன்றியமையாத படைப்புகள் இவை எனத் தெரிந்து ஒரு வரிசையை வகுத்தது. வோகல் வற்புறுத்திய தெரிவை அவருடைய எதிர்த்தரப்பினரும் இறுதியில் மேற்கொள்ள நேர்ந்தது. ஐக்கிய அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் 'மெஷஸ் ஒவ் த ஆப்டர்நூன்' 1990இலும், 'ஏ மூவி' 1994இலும், 'புல் மை டெய்சி' 1996இலும், ஒரு காலத்தில் வழக்குக்குள்ளான 'ஸ்கோர்ப்பியோ ரைசிங்' 2022இலும் சேர்க்கப்பட்டன. அரசை எதிர்த்த படங்கள் அரசின் பாதுகாப்பைப் பெற்றமை ஒருவகை முரண்பாடாகத் தோன்றலாம். ஆனால் படச்சுருள் மங்குவது, சிதைவது, பேணுவோர் இன்றேல் அழிவது. தன்னியல்பை வாழ்த்திய தலைமுறையின் ஆக்கங்கள் பட்டியலும் குளிரூட்டிய அறையும் பொறுமையுள்ள ஊழியரும் இருப்பதனாலேயே இன்றைய மாணவரை எட்டுகின்றன.

இவற்றையெல்லாம் தொகுத்து நோக்குமிடத்து, தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்கு விடை கிடைக்கின்றது. எதிர்ப்பு கலைக்கு வாயிலாகலாம், அதுவே வீடாகாது. பெரு நிறுவனத்தின் கட்டளையும் சந்தையின் ஆசையும் கலைஞனை ஆளாத நிலை ஒரு பெறுதற்கரிய பேறு. அந்நிலையை எய்தியபின், வெட்டும் இடம் எது, நீட்டும் கணம் எது, விடுத்தற்குரியது எது என்பவற்றை அவனுக்கு எவரும் கூறார். அவனே அவற்றை வரையறுத்தல் வேண்டும். டெரனும் பிரக்கேஜும் கொன்னரும் அப்பொறுப்பை ஏற்றனர். 'புல் மை டெய்சி'யை ஆக்கியோரும், தம் இயக்கத்தின் முழக்கத்துக்கு மாறாக, அதனை ஏற்கவே செய்தனர். மலிவான கருவியும் எளிய வெளியீட்டு வழியும் எவர்க்கும் கிட்டும் இக்காலத்தில், படமாக்கும் உரிமைக்காக அன்று அவர்கள் நடத்திய போராட்டம் பெரும்பாலும் தேவையற்றதாகிவிட்டது. தாமே தமக்கு விதித்துக்கொண்ட ஒழுங்கோ இன்றும் படமெடுக்க முனையும் இளைஞர்க்கு முன்னையிலும் வேண்டப்படுவதாக உள்ளது. அதனைக் கற்பதற்கு அக்குறும்படங்களைப் பொறுமையுடன் பலமுறை காணுதலே தக்க வழியாகும்.